காதில் மட்டும் நிற்கிற வீடு

1

எனக்கு எழுபத்து மூன்று வயது. ஐந்து பேரைப் பெற்றேன், ஐந்து பேரையும் வளர்த்து ஆளாக்கினேன். ஆனால் ரொம்ப வருஷம், யாராவது கேட்டால் நாலு என்றுதான் சொல்லிவந்தேன். சொல்லும்போது நாக்கு ஒரு நொடி நின்றுவிட்டுத்தான் போகும். கேட்டவர்களுக்கு அது தெரியாது.

ஆரணிக்குப் பக்கத்தில் பிறந்தவள். மூன்றாம் வகுப்பு வரை எழுத்துக் கூட்டினேன். கல்யாணமான கையோடு இந்தப் பூனாவுக்கு வந்தேன். வீட்டுக்காரருக்கு தேஹு ரோடு டெப்போவில் மஸ்தூர் வேலை. இப்போது புனே என்று எழுதுகிறார்கள். எனக்குப் பூனாதான். ஊரில் இருக்கிறவர்கள் படிக்க ஏதாவது எழுது என்று முருகன் ரொம்ப நாளாகச் சொல்கிறான். அவன் என் கடைசிப் பையன், விமான் நகரில் ஒரு ஆபீசில் வேலை. எழுத என்ன இருக்கிறது என்று தள்ளிக்கொண்டே வந்தேன். போன வாரம் என் சம்பந்தியம்மாளுக்கு முதல் வருஷத் திதி நடந்தது. அது முடிந்து வந்ததும் பென்சிலை எடுத்துவிட்டேன். எழுத்துப்பிழை இருக்கும். அச்சுப் போடுகிறவர்கள் சரிசெய்துகொள்ளட்டும். விஷயத்தை மட்டும் திருத்த வேண்டாம்.

ஐந்தில் நடுப்பிள்ளை கஸ்தூரி. டைப் கிளாசுக்கு பழைய டவுனுக்குப் போய்வந்தாள். அங்கே பிரகாஷ் என்று ஒரு மராட்டிப் பையன், அச்சாபீஸில் வேலை. ஒருநாள் போனவள் வரவில்லை. ராத்திரி அவனுடைய சிநேகிதன் ஒருவன் வந்து வாசலில் நின்றபடி சொல்லிவிட்டுப் போனான்: கல்யாணம் ஆகிவிட்டது, தாமிரப் பாத்திரம் அடிக்கிற சந்துக்குப் பின்னால், மயில் செதுக்கின கதவு போட்ட வாடாவில் இருக்கிறாள் என்று. வாடா என்றால் இங்கே நடுவில் முற்றம் வைத்துக் கட்டின பெரிய பழைய வீடு. பல குடும்பம் ஒன்றாக இருக்கும்.

எங்கள் ஊரில் பெண் இப்படிப் போனால் பெற்றவர்கள் குளத்தில் இறங்கித் தலைமுழுகுவார்கள். செத்தவளுக்கு முழுகுவது போலத்தான். இங்கே குளத்துக்கு எங்கே போவது. என் வீட்டுக்காரர் குவார்ட்டர்ஸ் பொதுக் குழாயடியில் ஒரு பக்கெட் பிடித்து வேட்டியோடு தலையில் கவிழ்த்துக்கொண்டார். பக்கத்து வீட்டு மராட்டிக்காரி பதறிப்போய், "யாராவது தவறிட்டாங்களா பாவு?" என்று அண்ணன் முறை வைத்துக் கேட்டாள்.

"பொண்ணு" என்றார்.

உள்ளே வந்து என்னிடம் சொன்னார்: "அந்த வாசப்படிய நீ மிதிச்சா, உன் கழுத்துல இருக்கறது என் தாலி இல்ல."

நான் முழுகவில்லை. முழுகச் சொல்லி அவரும் கேட்கவில்லை. ஆனால் போகவும் இல்லை.

2

அவர் போய்ச் சேர்ந்து ஒரு வருஷம் ஆன பிறகும் நான் அந்தப் பக்கம் போகவில்லை. தாலி இல்லாத கழுத்துக்கு என்ன தடை என்று கேட்பீர்கள். தடை நான்தான். சொல்லாமல் போனவள் அவள். நான் எதற்குத் தேடிப் போக வேண்டும்? அவள் வரட்டும் என்று இருந்தேன். அப்பா செத்ததாவது அவளுக்குத் தெரியுமோ தெரியாதோ. சொல்லி அனுப்ப ஆள் இல்லை.

அப்போதுதான் முருகன் ஆபீசிலிருந்து ஒரு வழவழப்பான காகிதம் கொண்டுவந்தான். பழைய டவுனைச் சுற்றிப் பார்க்க ஒரு பெட்டி வாடகைக்குக் கொடுக்கிறார்களாம். காதில் மாட்டிக்கொண்டால் அதுவே வழி சொல்லும், கதை சொல்லும், கூட ஆள் தேவையில்லை. ஆபீசில் குடும்பத்துக்கு என்று டிக்கெட் கொடுத்திருந்தார்கள். காகிதத்தில் இருந்த படங்களை ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினான். கோட்டை, கணபதி கோயில், தாமிரச் சந்து.

"இது இன்னொண்ணு பாரும்மா, மயில் கதவு வாடா. இன்னும் நாலு குடும்பம் உள்ளயே இருக்காங்களாம்."

அவனுக்கு ஒன்றும் தெரியாது. அக்கா போனபோது அவன் பள்ளிக்கூடத்துப் பையன். வாசலில் வந்து சொன்னதைக் கேட்டவர்கள் நானும் அவரும்தான்.

"நான் பாக்கறேன்டா" என்றேன்.

"நீயா? பேஷ்வே பார்க்குக்குக் கூப்பிட்டப்போ புலிய ஊர்லயே பாத்துட்டேன்னு சொன்னவ நீ."

"டிக்கெட்ட வீணாக்கக் கூடாது."

வெளிப்பார்வைக்கு நான் டவுன் பார்க்கப் போகிறேன். பெட்டி எல்லாரையும் எங்கெல்லாம் கூட்டிப் போகிறதோ அங்கெல்லாம் என்னையும் கூட்டிப் போகும். அந்தக் கதவுக்கு முன்னால் நிறுத்தினால் நான் என்ன செய்ய முடியும்? கையில் ஒன்றும் எடுத்துக்கொள்ளவில்லை. அவளுக்குப் பிடித்த அதிரசம் செய்ய ராத்திரி அரிசி ஊறப்போட்டு, காலையில் அதை இட்லிக்குச் சேர்த்துவிட்டேன். பலகாரம் எடுத்துப் போனால் தேடிப் போனதாக ஆகிவிடும்.

கோட்டை வாசலுக்கு எதிரில் மேஜை போட்டிருந்தார்கள். அங்கே உட்கார்ந்திருந்த பெண், மராட்டி, ஹிந்தி, இங்கிலீஷ் மூன்றில் எது வேண்டும் என்றாள்.

"தமிழ்?" என்றான் முருகன்.

"தமிழ் நஹீ ஹை, ஆஜிக்கு ஹிந்தி வருமா?" ஆஜி என்றால் பாட்டி.

"கூட்டுறவுக் கடையில நாப்பது வருஷமா சண்ட போட்ட ஹிந்தி இருக்குது, போடு" என்றேன் நான்.

என் ஹிந்தியில் ஆண்பால் பெண்பால் கிடையாது. கடைக்காரர்கள் சிரிப்பார்கள். ஆனால் பெட்டியிடம் நான் ஒன்றும் பேச வேண்டியதில்லை. அது மட்டும்தான் பேசும். கழுத்தில் மாட்டி, காதில் வைத்து, அந்தந்த இடத்து நம்பரை அமுக்கச் சொல்லிக் கொடுத்தாள். ரேடியோ நியூஸ் வாசிக்கிறவர் மாதிரி ஒரு குரல். "வாருங்கள், சற்று நில்லுங்கள், இப்போது வலது பக்கம் திரும்புங்கள்" என்று அவ்வளவு மரியாதையாகச் சொன்னது. இந்த ஊருக்கு வந்த நாள் முதல் வழி கேட்டுக் கேட்டு, "உதர் ஜாவ், இதர் ஜாவ்" என்று கையாட்டி விரட்டுவதைத்தான் கேட்டிருக்கிறேன். என்னை உட்காரச் சொல்லி, மூச்சு வாங்கிக்கொள்ளுங்கள், படி உயரம் என்று சொன்னது இந்தப் பெட்டி ஒன்றுதான். மனசுக்கு நன்றாக இருந்தது.

கோட்டைக் கதவில் யானையைத் தடுக்க அடித்த இரும்பு முள்ளைப் பார்த்தேன். பின்னால் குதிரைக் குளம்புச் சத்தம் எல்லாம் வைத்திருந்தார்கள். அந்த ராஜா கதையில் எனக்கு மனம் போகவில்லை. முருகனுக்கு போன் வந்தது. ஆபீசில் ஏதோ நின்றுபோய்விட்டதாம்.

"நீ போய்க்கினே இரும்மா, பின்னாலயே வர்றேன்" என்று கல்மேடையில் உட்கார்ந்தான். அவன் உட்கார்ந்தது எனக்கு நல்லதாகப் போயிற்று.

3

தாமிரச் சந்துக்கு வழி காட்டப் பெட்டி வேண்டியிருக்கவில்லை. தட்டுகிற சத்தம் ஹெட்போனைத் தாண்டிக் காதில் விழுந்தது. அண்டாவைக் கவிழ்த்துப் போட்டு அடிக்கிறார்கள். இந்தச் சத்தத்தில்தான் என் பெண் இத்தனை வருஷம் தூங்கி எழுந்தாளா என்று நினைத்தேன். சின்ன வயதில் குக்கர் சீட்டியடித்தால்கூட எழுந்துகொள்ளும் பெண். சந்து முடிகிற இடத்தில் இடது பக்கம் திரும்பச் சொன்னது. திரும்பி, நம்பரை அமுக்கினேன். முந்தானையைச் சரிசெய்துகொண்டேன்.

"உங்கள் முன்னால் இருக்கும் கதவைப் பாருங்கள்" என்றது குரல். "தேக்கு மரம். இரண்டு பக்கமும் மயில். மெதுவாகத் தொட்டுப் பாருங்கள், தோகையின் ஒவ்வொரு கண்ணும் தனியாகத் தெரியும்."

என் முன்னால் தகரம் அடித்திருந்தது. நீலத் தகரம். அதில் ஒரு கட்டடப் படம், பால்கனி பால்கனியாக. இடுக்கு வழியாகப் பார்த்தேன். பெரிய பள்ளம். அடியில் பச்சைத் தண்ணீர், ஒரு மோட்டார் ஓடி அதை இறைத்துக்கொண்டிருந்தது.

"உள்ளே சதுர முற்றம். நடுவில் துளசி மாடம். மாடியில் மர அழிக்குப் பின்னால் உட்கார்ந்து பெண்கள் காய் நறுக்குவார்கள், கோதுமை புடைப்பார்கள். இன்றைக்கும் இங்கே நாலு குடும்பம் வாழ்கிறது. சத்தம் போடாமல் கேளுங்கள்." பிறகு வளையல் சத்தம், கிணற்று ராட்டினச் சத்தம், யாரோ பெண்கள் சிரிக்கிற சத்தம்.

திரும்ப அமுக்கினேன். திரும்ப அதே சிரிப்பு. அதில் ஒன்று அவளாக இருக்குமோ என்று காதை அழுத்திப் பிடித்துக் கேட்டேன். ஸ்டுடியோவில் யாரையோ சிரிக்கச் சொல்லிப் பிடித்திருப்பார்கள், அது எனக்கும் தெரியும். ஆனாலும் கேட்டேன்.

எதிர்க் கடையில் பாத்திரங்களுக்கு நடுவே உட்கார்ந்திருந்த அம்மாள் என்னைக் கூப்பிட்டாள். என் வயதில் பாதி இருப்பாள். "ஆஜி, அது இடிச்சாச்சு. டேப்பை மாத்தவே இல்ல. தெனம் ஒருத்தர் வந்து தகரத்த இப்படிக் கும்பிட்டுட்டுப் போறாங்க. வாங்க, உக்காருங்க."

உட்கார்ந்தேன். தண்ணீர் கொடுத்தாள். உள்ளே இருந்தவர்கள் எங்கே என்று கேட்டேன். புதுக் கட்டடம் எழும்புகிற வரைக்கும் வெளியே வாடகைக்குப் போயிருக்கிறார்களாம்.

"அங்க கஸ்தூரின்னு ஒரு பொண்ணு. மதராஸி."

"கஸ்தூரி வஹினியா?" என்றாள். வஹினி என்றால் அண்ணி. "மாடியில இருந்தா. நல்ல பொண்ணு. பாவம், கல்யாணமான வருஷமே அவங்கம்மா சுமங்கலியா போய்ட்டாங்க. அப்பா அந்த துக்கத்துல ஊரோட போய்ட்டாராம்."

நான் தண்ணீர்ச் சொம்பைக் கீழே வைத்தேன்.

அவள் நிறுத்தவில்லை. மகாளய பட்சத்து நவமி அன்றைக்கு, சுமங்கலியாகப் போன பெண்களுக்கு இங்கே இலை போடுவார்கள். தாய்க்கு அங்கே யாரும் செய்கிறார்களோ என்னவோ, நீ இங்கேயே செய் என்று மாமியார் சொல்லிவிட்டாளாம். வருஷா வருஷம் கஸ்தூரி கீர், வடை, தவிர ஏதோ மதராஸிக் குழம்பும் சமைத்து, இலை போட்டு, மொட்டைமாடியில் காக்கைக்கு வைப்பாளாம். "அம்மாவுக்குப் புளிப்புப் புடிக்கும்னு சொல்லி புளி ஊத்தி ஒரு குழம்பு வைப்பா. சந்து முழுக்க வாசன வரும்."

எனக்குப் புளிக்குழம்பு பிடிக்கும். வாஸ்தவம்.

புருஷன் செத்தவளுக்கு நவம்பர் மாதம் ஒரு வேலை உண்டு. பாங்குக்குப் போய், நான் உயிரோடுதான் இருக்கிறேன் என்று கையெழுத்துப் போட வேண்டும். போடாவிட்டால் பென்ஷன் நின்றுவிடும். அந்த வருஷம்தான் முதல் தடவை போட்டேன். வரிசையில் நின்று, முகத்தை நிமிர்த்திக் காட்டி, மெதுவாகத் தமிழில் கையெழுத்துப் போட்டேன். அதற்குக் கொஞ்சநாள் முன்னால்தான் என் பெண் எனக்கு இலை போட்டிருக்கிறாள்.

நான் அழவில்லை. கணக்குப் பார்த்தேன். அவர் முழுகினார், அவள் இலை போட்டாள். நாங்கள் தலைமுழுகினதைப் புகுந்த வீட்டில் சொன்னால் அவளுக்குத்தான் கேவலம். அம்மா செத்துவிட்டாள் என்றால் யாரும் மேலே கேட்கமாட்டார்கள். புத்திசாலிதான்.

"நீங்க யாரு அவளுக்கு?" என்றாள் கடைக்கார அம்மாள்.

இதற்குத்தான் வந்திருந்தேன். அம்மா என்று சொன்னால் இந்தச் சந்து முழுக்கச் சாயங்காலத்துக்குள் தெரிந்துவிடும். செத்த தாய்க்கு என்று இத்தனை வருஷம் பொய்யாக இலை போட்டவள் என்று பேசுவார்கள். சொல்லாமல் போனால் இந்தத் தகரத்தைப் பார்த்ததோடு சரி.

"மௌசி" என்றேன். "அவ அம்மாவோட தங்கச்சி."

அவள் என் முகத்தைக் கையில் பிடித்துப் பார்த்தாள். பிறகு விலாசம் எழுதிக் கொடுத்தாள்.

4

முருகனிடம் வண்டியில் எல்லாம் சொன்னேன், மௌசி என்று சொன்னதையும். ஓரமாக நிறுத்திவிட்டு என் பக்கம் திரும்பினான்.

"அப்ப நான் யாரும்மா?"

"நீ என் புள்ள. அவளுக்குத் தம்பி முற. அதுல ஒரு பொய்யும் இல்ல."

அந்த விலாசத்தில் என்னை இறக்கிவிட்டு அவன் ஆபீசுக்குப் போனான். கஸ்தூரிதான் கதவைத் திறந்தாள். தடித்துவிட்டாள். நெற்றியில் மராட்டிக்காரிகள் மாதிரி பிறைப் பொட்டு. அவளுக்குப் பின்னால் நாற்காலியில் மாமியார் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கஸ்தூரி என் முகத்தைப் பார்த்தாள், பிறகு என் வெறும் நெற்றியைப் பார்த்தாள். அப்பா போன செய்தி அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. வாய் திறக்கப் போனாள். நான் முந்திக்கொண்டேன்.

"நான் உன் சித்திடி. ஆரணியிலேர்ந்து வந்து இப்ப புள்ளயோட இங்கதான் இருக்கேன்" என்று சத்தமாகத் தமிழில் சொல்லி, அதையே ஹிந்தியில் அந்த அம்மாளுக்கும் சொன்னேன்.

கஸ்தூரி முந்தானையைத் தலைமேல் இழுத்துப் போட்டு, அவர்கள் வழக்கப்படி குனிந்து என் காலைத் தொட்டாள். தொட்ட கையை எடுக்கவில்லை. குனிந்தபடியே மெதுவாக, "எப்பம்மா?" என்றாள்.

"போன வருஷம். தூக்கத்துலயே. எழுந்திரு, அவங்க பாக்கறாங்க."

சம்பந்தியம்மாளை எல்லாரும் ஆயீ, அதாவது அம்மா, என்று கூப்பிடுவார்கள். கண் கூர்மையானவள். என்னைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டாள். "அம்மா செத்தாலும் சாகட்டும், சித்தி பிழைச்சிருக்கணும்னு எங்க மராட்டியில ஒரு சொல் உண்டு" என்றாள். "தாயைவிடச் சித்தி ஆசையா வளப்பாளாம். நீங்க என்ன, இத்தன வருஷம் எட்டிக்கூடப் பாக்கல?"

"தூரம்" என்றேன்.

தேஹு ரோட்டிலிருந்து லோக்கல் ரயிலில் ஒரு மணி நேரம்கூட ஆகாது.

பேத்தி ஒருத்தி பள்ளிக்கூடம் விட்டு வந்தாள். வைஷாலி. என்னை மாவ்ஷி ஆஜி, அதாவது சித்திப் பாட்டி, என்று கூப்பிடச் சொன்னார்கள். கூப்பிட்டாள். வாங்கிக்கொண்டேன்.

பிரகாஷுக்கு எல்லாம் தெரியும். என்னை பஸ் ஏற்றிவிட வந்தவர், "ஆயீக்கு பிபி. இப்பச் சொன்னா தாங்கமாட்டா. மன்னிச்சுக்குங்க" என்றார். நல்ல மனுஷன். இவரைத்தான் நாங்கள் பார்க்காமலே வேண்டாம் என்று சொன்னோம்.

5

அதற்குப் பிறகு மாதம் ஒரு தடவை போய்வந்தேன். என் பெண் வீட்டில் நான் விருந்தாளி. அடுக்களையில் தனியாக இருக்கும்போது மட்டும் அம்மா என்பாள், அதுவும் குழாயைத் திறந்துவிட்டு.

அடுத்த வருஷம் அந்த நவமி வந்தது. அன்றைக்கு வர வேண்டாம் என்று கஸ்தூரி போனில் கெஞ்சினாள். ஆயீ விடவில்லை. "அக்காவுக்கு இலை போடறப்ப தங்கச்சி இல்லாம எப்படி?" என்று ஆள் அனுப்பிவிட்டாள்.

வாழையிலை. சாதம், வரண் என்கிற பருப்பு, கீர், வடை. ஓரத்தில் புளிக்குழம்பு. மொட்டைமாடிக் கைப்பிடிச் சுவரில் வைத்துவிட்டு எல்லாரும் தள்ளி நின்றோம். பழைய டவுனில் காக்கை உடனே வந்துவிடுமாம். இந்தப் புதுப் பகுதியில் காக்கை குறைவு. தூரத்தில் தண்ணீர் டாங்கி மேல் ஒன்று உட்கார்ந்திருந்தது. பார்த்தது. வரவில்லை.

காக்கை தொடாவிட்டால் போனவளுக்கு ஏதோ குறை என்று அவர்கள் வழக்கம். குறை என்னவென்று கேட்டு, தீர்க்கிறோம் என்று சத்தியம் செய்ய வேண்டும். ஆயீ கைகூப்பி வானத்தைப் பார்த்து மராட்டியில் சொன்னாள்: "உங்க பொண்ண நான் என் பொண்ணா வெச்சிருக்கேன். ஒரு நாள் கையோங்கினதில்ல. பேத்தியப் படிக்கவெக்கிறோம். வேற என்ன வேணும் சொல்லுங்க."

காக்கை அசையவில்லை.

"கஸ்தூரி, நீ கேளு. உங்க பாஷையில கேளு. உன் அம்மாவுக்கு மராட்டி புரியாம இருக்கும்."

கஸ்தூரி முன்னால் போனாள். இலையைப் பார்த்தபடி, எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கேட்டாள்: "அம்மா, உனக்கு இன்னா கொற?"

நானும் இலையைப் பார்த்தபடியே சொன்னேன். "ஒரு கொறையும் இல்லடி. நான் பாத்துட்டேன். வயிறு ரொம்பிடுச்சி."

அவள் அப்படியே சரிந்து உட்கார்ந்து அழுதாள். ஆயீ ஓடிவந்து அவள் தலையைத் தன் மடியில் சாய்த்துக்கொண்டாள். "அழு, அழு. தாய் நெனப்பு அப்படித்தான்" என்று முதுகைத் தடவினாள். தடவுகிற கை அவளுடையதாக இருந்தது. நான் ஒரு கை தூரத்தில் நின்றுகொண்டிருந்தேன். மாவ்ஷி அதற்குமேல் நெருங்கக் கூடாது.

காக்கை வரவே இல்லை. கடைசியில் பிரகாஷ் இலையோடு எடுத்துப்போய்க் கீழே ஒரு பசுவுக்கு வைத்தார்.

பந்தியில் எனக்கும் அதே புளிக்குழம்பு போட்டார்கள். உப்பு ஒரு கல் குறைவு. சொல்லவில்லை.

6

ஆயீ போன வருஷம் தூக்கத்திலேயே போய்விட்டாள். எனக்கு அவள்மேல் வருத்தம் ஒன்றும் இல்லை. என் பெண்ணுக்குத் தாயாக இருந்தாள், நான் இல்லாத இடத்தில். அவள் கடைசிவரைக்கும் என்னை நம்பினாளா, தெரிந்தே விட்டுவிட்டாளா என்று இன்றைக்கும் தெரியாது. ஆஸ்பத்திரியில் ஒருநாள் என் கையையும் கஸ்தூரி கையையும் எடுத்து ஒன்றின்மேல் ஒன்று வைத்தாள்.

பழைய டவுனில் மயில் கதவு வாடா இருந்த இடத்தில் ஏழு மாடி எழும்பிவிட்டது. மூன்றாவது மாடியில் கஸ்தூரிக்கு வீடு. நான் இப்போது அங்கேதான் உட்கார்ந்து எழுதுகிறேன். கீழே காதில் மாட்டிக்கொண்டு வருகிறவர்கள் இன்னும் வருகிறார்கள். இப்போது டேப்பை மாற்றிவிட்டார்களாம்.

ஆயீயின் திதி முடிந்த அன்றைக்குக் கஸ்தூரி சொன்னாள்: "வைஷாலிக்கு இப்பச் சொல்லிடணும்மா. எனக்கு வாய் வரல. பொய் சொன்னது நானு. நீயே சொல்லு."

எனக்கும் வாய் வரவில்லை. அதனால்தான் எழுதினேன். என் மற்ற பேரப்பிள்ளைகள் ஒருத்தருக்கும் தமிழ் படிக்க வராது. முருகன் பிள்ளைகளுக்கு அ எது ஆ எது என்று தெரியாது. வீட்டை விட்டுப் போனவள் பெற்ற பிள்ளைக்குத்தான் தெரியும். யாரும் சொல்லாமல், கஸ்தூரி தானாகக் கற்றுக்கொடுத்திருக்கிறாள். எழுத்தெழுத்தாகத்தான் படிப்பாள், பரவாயில்லை. எனக்கும் அவசரம் இல்லை.

வைஷாலி, இங்கே வந்து உட்கார். டிவியை அணை. இதை எனக்குச் சத்தமாகப் படித்துக் காட்டு, முதல் வரியிலிருந்து. நான் எழுதினது சரியாக வந்திருக்கிறதா பார்க்க வேண்டும். புரியாத வார்த்தை வந்தால் கேள், சொல்கிறேன். நடுவில் நிறுத்தாதே. உன் அம்மா அடுக்களையில்தான் இருக்கிறாள், அவளைக் கூப்பிடாதே. படித்து முடிக்கிறவரைக்கும் என்னை மாவ்ஷி ஆஜி என்றே கூப்பிடு. முடித்த பிறகு உன் இஷ்டம்.